அம்மா சாங் கட்டாத வருஷம்

தாத்தா இறந்த அன்று மதியம் அப்பாவின் அக்கா லுவான் அத்தை பூட்ஸு ஊரிலிருந்து பேருந்தில் வந்து இறங்கினாள். அழுதுகொண்டே உள்ளே வந்து அப்பாவைக் கட்டிக்கொண்டாள். பிறகு முகத்தைக் கழுவித் துடைத்துவிட்டு ஒரு வெள்ளைத் தாளை நீளவாக்கில் கிழிக்கத் தொடங்கினாள். சாவு விழுந்த வீட்டில் சிவப்பாக இருப்பவை எல்லாவற்றையும் மூட வேண்டும். கதவின் இரு பக்கமும் ஒட்டியிருந்த புத்தாண்டு வாசகங்கள்மேல் ஒரு பட்டை, நாள்காட்டியின்மேல் ஒரு பட்டை, அரிசிப் பானையில் ஒட்டியிருந்த 'நிறைவு' என்ற எழுத்தின்மேல் ஒரு பட்டை. கடைசியாக வாசலுக்கு வந்து நிமிர்ந்து பார்த்தாள். அங்கே அம்மாவின் கடைப் பலகை தொங்கியது. சிவப்புப் பலகை, அதில் மஞ்சள் வண்ணத்தில் ஒரே ஒரு சீன எழுத்து.

"ஏணி எங்க?" என்றாள் அத்தை.

ஏணியை அம்மாவே கொண்டுவந்து சாத்தினாள். அத்தை ஏறும்போது கீழே நின்று பிடித்துக்கொண்டதும் அம்மாதான். வெள்ளைத் தாள் எழுத்தை முழுவதும் மறைக்கவில்லை. மேலே கொஞ்சமும் கீழே கொஞ்சமும் மஞ்சள் தெரிந்தது.

"இன்னொரு தாள் ஒட்டவா அக்கா?"

"போதும். எல்லாருக்கும் தெரிஞ்ச எழுத்துதான. மூடினா மட்டும் மறைஞ்சிடவா போகுது."

அந்த எழுத்து 'சாங்'. பசையரிசியையும் வேர்க்கடலையையும் பன்றி இறைச்சியையும் காய்ந்த சிப்பியையும் மூங்கில் இலைக்குள் வைத்து, நாலு மூலை வரும்படி மடித்து, நூலால் கட்டி வேகவைப்பது. பூதாய் துறைமுகத்தில் பதினோரு வருஷமாகச் சாங் என்றால் அம்மாவின் சாங்தான். அம்மாவின் பெயர் லாய். வியட்நாமில் சா டெக் என்ற ஆற்றங்கரை ஊரிலிருந்து இருபத்தொரு வயதில் அப்பாவைக் கல்யாணம் செய்துகொண்டு இங்கே வந்தாள். அப்பா சிப்பி வளர்க்கிறார். அதிகம் பேசமாட்டார். கடை போடச் சொன்னவர் தாத்தா. பலகைக்கு எழுத்தைப் பழக்கிக் கொடுத்தவரும் அவர்தான். இந்த ஊருக்கு வந்து அம்மா எழுதக் கற்றுக்கொண்ட முதல் எழுத்து அது. தன் பெயரை எழுதக் கற்றுக்கொண்டது அதற்கு அடுத்த மாதம்.

"இந்தப் பக்கம் அரிசி. அந்தப் பக்கம் கூரை, கூரைக்குக் கீழ படையல் மேசை, அதாவது முன்னோர் வீடு. அரிசிய எடுத்துக்கிட்டு முன்னோர் வீட்டுக்குப் போ. அவ்வளவுதான் எழுத்து" என்று தாத்தா சொல்லிக் கொடுத்தாராம். அம்மா அட்டைப் பெட்டிகளின் உள்பக்கத்தில் நூறு முறை எழுதிப் பார்த்தாள். அவளுடைய கூரை எப்போதும் ஒரு பக்கம் சாய்ந்தே இருக்கும். பலகையிலும் அப்படித்தான்.

என் முதல் மூன்று வகுப்புகளை நான் சா டெக்கில் மாமா வீட்டில் தங்கிப் படித்தேன். பிறகு இங்கே. அங்கே ஐந்தாம் மாதம் ஐந்தாம் நாள் இதே இலைப் பொட்டலத்தைச் சாம்பல் நீரில் ஊறிய அரிசியால் கட்டி 'பான் ஊ' என்பார்கள். அதை ஏ, பி, சி எழுத்துகளில் எழுதுவார்கள். இங்கே பள்ளியில் இந்த எழுத்தைக் காட்டி 'ட்ஸுங்' என்று சொல்லச் சொன்னார்கள். வீட்டு மொழியில் அதே எழுத்து 'சாங்'. தாத்தா சின்ன வயதில் ஜப்பானியர் நடத்திய பள்ளியில் படித்தவர். அவர் அதே எழுத்தைப் பார்த்து 'சிமாக்கி' என்பார். "நாலு பேரு நாலு விதமா கூப்புட்டாலும் பானையில ஒண்ணுதான வேகுது" என்று சொல்லிவிட்டு, மூலை உடைந்து விற்க முடியாமல் போனவற்றை எடுத்துத் தின்பார். அதற்காகவே அம்மா தினமும் இரண்டை உடைத்து வைப்பாள் என்பது எனக்கும் அவருக்கும் தெரியும்.

தாத்தா இறந்தது மூன்றாம் மாதக் கடைசியில். ஐந்தாம் மாதம் ஐந்தாம் நாள் வரும் சாங் பண்டிகைக்கு அப்போது நாற்பது நாள்கூட இல்லை. துக்க வீட்டில் ஒரு வருஷம் சாங் கட்டக் கூடாது. கட்டினால் இன்னொரு சாவையும் சேர்த்துக் கட்டியது போல என்பார்கள். அதனால் பண்டிகைக்கு மற்றவர்கள்தான் கொண்டுவந்து தர வேண்டும். இறந்தவருடைய மகள் தன் கையால் கட்டி எடுத்து வருவாள். மருமகளுக்கு அவளுடைய தாய்வீட்டிலிருந்து வரும். இரண்டு கொத்தையும் தாத்தாவின் படத்துக்கு முன்னால் வைத்துக் கும்பிட வேண்டும்.

காரியங்கள் முடிந்து கிளம்பும்போது அத்தை வாசலில் நின்று செருப்பை மாட்டினாள்.

"நான் பண்டிகையன்னிக்குக் காலைல வந்துடுவேன். பதினொண்ணு கொண்டு வருவேன். ஒத்தப்படையில இருக்கணும், தெரியுமில்ல?"

"தெரியும் அக்கா."

"உன் பக்கம்?"

அம்மா அத்தையின் பையை எடுத்து நீட்டினாள்.

"கேக்கறேன்னு நெனச்சுக்காத. சித்தப்பா வீட்டு ஆளுங்க எல்லாம் வருவாங்க. மேசையில ஒரு பக்கம் காலியா இருந்தா என்ன பேசுவாங்க? காசு குடுத்துக் கூட்டிட்டு வந்த பொண்ணு, பின்னால வீடும் கெடையாது வாசலும் கெடையாதும்பாங்க. எனக்காகச் சொல்லல. எங்கப்பா மொகத்துக்காகச் சொல்றேன்."

"வரும் அக்கா" என்றாள் அம்மா.

"எங்கருந்து?"

"வரும்."

அத்தை என்னைப் பார்த்தாள். நான் செருப்பு அடுக்கைப் பார்த்தேன்.

சா டெக்கில் அம்மாவுக்கு அந்த மாமா மட்டும்தான் இருந்தார். தபாலில் அனுப்பினால் பத்து நாள் ஆகும். இறைச்சி வைத்தது விமான நிலையத்தைத் தாண்டாது. இறைச்சி வைக்காதது பூசணம் பிடித்து வரும். அம்மா எல்லாவற்றையும் விசாரித்துவிட்டாள். மாமாவிடம் தொலைபேசியில் பேசிவிட்டு வைக்கும்போதெல்லாம் கை எதையாவது மடித்துக்கொண்டிருக்கும். மருந்துச் சீட்டு, பேருந்துச் சீட்டு, என் தேர்வுத்தாளின் ஓரம் என்று எது கிடைத்தாலும் கூம்பாகச் சுருட்டி, வாயை மடித்து, இல்லாத நூலால் இரண்டு சுற்றுச் சுற்றுவாள். பிறகு கையைப் பார்த்துத் திடுக்கிட்டுக் கசக்கிப் போடுவாள்.

பெரிய பானையை அந்த மாதத்தில் மூன்று முறை தேய்த்தாள். இலைக் கட்டை வெயிலில் வைத்தாள், எடுத்தாள், மறுபடியும் வைத்தாள். ஓர் இடத்தில் உட்கார்ந்து சாப்பிடவில்லை. கிண்ணத்தைக் கையில் வைத்துக்கொண்டு அடுப்படிக்கும் வாசலுக்கும் நடந்துகொண்டே சாப்பிட்டாள். வாசலுக்குப் போனால் யாராவது கேட்பார்கள்.

"லாய், இந்த வருஷம் இல்லதான?"

"இல்லக்கா."

"என்ன பண்றது. சரி, அடுத்த வருஷம் முப்பது எழுதி வச்சுக்க. வேற எவகிட்டயும் வாங்க மாட்டேன்." சொல்லிவிட்டு நேரே மீன் சந்தை முனையில் இருந்த வேறொருத்தியிடம் போய் வாங்குவார்கள். அம்மா எட்டிப் பார்ப்பாள்.

பண்டிகை நெருங்க நெருங்க ஊர் முழுவதும் அந்த எழுத்து முளைத்தது. கடைக் கண்ணாடிகளில், பேருந்தின் முதுகில், கோயில் வாசலில் கட்டிய துணியில், பள்ளிக்கூடச் சுவரில். அம்மாவுக்குத் தெரிந்தது மொத்தம் நாற்பது, ஐம்பது எழுத்துகள் இருக்கும். மற்ற எல்லாவற்றையும் அவள் கண் தாண்டிப் போய்விடும். இந்த ஒன்றை மட்டும் தாண்ட முடியாது. ஸ்கூட்டரில் என்னைப் பின்னால் உட்காரவைத்துப் போகும்போது, "அங்க பாரு, கூரைய எவ்வளவு நேரா எழுதியிருக்கான்" என்பாள். கொஞ்ச தூரம் போனதும், "இங்க ஒண்ணு" என்பாள். தன் வீட்டு வாசலில் மட்டும் அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை.

பண்டிகைக்கு இரண்டு நாள் முன்பு, காலையில் என்னை எழுப்பி, "கிளம்பு, சுயென் வீட்டுக்குப் போறோம்" என்றாள். ஸ்கூட்டரின் முன்னால் அரிசி, கடலை, வதக்கிய இறைச்சி, இலை, நூல் எல்லாம் இருந்தன. ஊறவைத்ததும் வதக்கியதும் யார் என்று நான் கேட்கவில்லை. கட்டக் கூடாது என்றுதான் விதி. ஊறவைக்கக் கூடாது என்று யாரும் சொன்னதில்லை.

சுயென் சித்தியும் சா டெக் பக்கம்தான். துறைமுகத்துக்கு அந்தப் புறம் அவளுக்கு நகத்துக்கு வண்ணம் பூசும் கடை இருக்கிறது. அம்மாவின் தங்கை மாதிரி அவள் கட்டி, அவளே எடுத்து வந்து வைப்பதாகப் பேச்சு. ஆனால் துக்கக்காரி நூறு நாள் முடிவதற்குள் இன்னொருவர் வீட்டு வாசற்படியைத் தாண்டக் கூடாது. அதனால் அம்மா சுயென் சித்தி வீட்டுச் சமையலறை ஜன்னலுக்கு வெளியே, சந்தில், வெயிலில் நின்றாள். நான் சாமான்களைக் கம்பிகளுக்கு இடையே ஒவ்வொன்றாகக் கொடுத்தேன்.

உள்ளே சுயென் சித்தியின் மாமியார் முக்காலி போட்டு உட்கார்ந்திருந்தாள்.

"உள்ள வரச் சொல்லலேன்னு கோவிச்சுக்காதம்மா. தலையில துக்கப் பூ வச்சிருக்க."

"கோவமில்ல அத்த. இங்கயே நிக்கறேன்."

"குடையாவது எடுத்துட்டு வந்திருக்கலாமில்ல. சிப்பி மாதிரி காயற."

சுயென் சித்தி இரண்டு இலையை எடுத்துச் சுருட்டினாள். அரிசி கீழே கொட்டியது.

"அக்கா, இதுல நாலு மூலை வரணும்னு சொன்ன. எனக்கு ஆறு வருது."

"கட்டைவிரல உள்ள வச்சுக்கிட்டு மடி."

"உள்ள வச்சா அதையும் சேத்துக் கட்டிடுவேன்."

"கட்டு," என்றாள் மாமியார். "நகத்துல பூவெல்லாம் வரைஞ்சிருக்க. படையல்ல அழகா இருக்கும்."

"அம்மா, கொஞ்சம் பேசாம இருக்கீங்களா?"

"நான் எங்க பேசினேன். பாத்துக்கிட்டு இருக்கேன். இப்படி ஒரு சாங்க நான் பொறந்ததுலருந்து பாத்ததில்ல. இது சாங்கா, அடிபட்ட காலுக்குக் கட்டு போட்டதா?"

அம்மா சிரிக்கவில்லை. கம்பியைப் பிடித்திருந்த அவள் விரல்கள் தாமாக அசைந்தன. சுயென் சித்தியின் விரல் இடப்பக்கம் போகும்போது அவையும் இடப்பக்கம் போயின. "இழு, இன்னும் இழு. தளர்வா இருந்தா தண்ணி உள்ள போயி கஞ்சியாயிடும். அங்க இல்ல. அங்க இல்ல சுயென், முதுகுல." குரல் உயர்ந்துகொண்டே போனது. சந்தில் போனவர்கள் நின்று பார்த்தார்கள். ஒருவர், "ஜன்னலோட சண்டை போடறியா லாய்?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

மொத்தம் பதிமூன்று என்று பேசியிருந்தார்கள். அத்தை பதினொன்று கொண்டு வருகிறாள். அதைவிட இரண்டு கூட. பன்னிரண்டு எப்படியோ முடிந்தது. பதிமூன்றாவதில் இலை நீளவாக்கில் கிழிந்தது. சுயென் சித்தி இன்னொன்று எடுத்தாள், அதுவும் கிழிந்தது. உள்ளறையில் குழந்தை எழுந்து அழுதது.

"அக்கா, ஒரு நிமிஷம்" என்று அவள் கையை உதறிவிட்டு ஓடினாள்.

மாமியார் எங்களைப் பார்த்தாள். ஜன்னல் மேடையில் கிடந்த இலையையும், மிச்சம் இருந்த அரிசியையும் பார்த்தாள். முக்காலியிலிருந்து எழுந்தாள்.

"டி.வி.ல மழை சொல்லப் போறான். எனக்கு அதக் கேக்கணும்" என்று சொல்லிவிட்டு அந்தப் பக்கம் போனாள்.

அம்மாவின் இரண்டு கைகளும் கம்பிக்குள் போயின. நான் பத்து எண்ணியிருக்க மாட்டேன். இலை சுருண்டது, அரிசி, இறைச்சி, சிப்பி, அரிசி, மடிப்பு, நூல் மூன்று சுற்று, கடைசியில் ஒரு கண்ணி. மற்றவர்களுடைய சாங்கின் முடிச்சைக் கத்தரிக்கோலால் வெட்ட வேண்டும். அம்மாவுடையது நூலின் நுனியை ஒரு முறை இழுத்தால் முழுவதும் அவிழ்ந்துவிடும். ஆற்றுப் படகில் சாப்பிடுகிறவர்கள் அப்படித்தான் கட்டுவார்களாம், ஒரு கையால் அவிழ்ப்பதற்காக.

கைகளை வெளியே எடுத்ததும் அம்மா அவற்றைச் சட்டையில் துடைத்துக்கொண்டாள். நான் சாலையைப் பார்த்தேன். பன்னிரண்டிலிருந்து ஒன்றை எடுத்துவிட்டால் பதினொன்று; அதுவும் ஒற்றைப்படைதான். இது எனக்கும் தெரியும், அம்மாவுக்கும் தெரியும், தொலைக்காட்சியை இன்னும் போடாமல் அடுத்த அறையில் நின்ற மாமியாருக்கும் தெரிந்திருக்கும்.

சுயென் சித்தி குழந்தையோடு திரும்பி வந்து, கொத்தைப் பார்த்தாள். "பதிமூணு இருக்கே" என்றாள்.

"நீதான கட்டின," என்றாள் அவளுடைய மாமியார், கதவருகிலிருந்து. "கட்டினதே மறந்துபோச்சா?"

அன்று மாலையிலிருந்து அம்மாவின் நடை மாறியது. அதுவரை அடுப்படிக்கும் வாசலுக்கும் நடந்தவள், இப்போது வாசலுக்கும் கடல் தெரியும் முனைக்கும் நடந்தாள். அப்பா மறுநாள் விடியும்போது சிப்பிச் சட்டங்களைத் தூக்கிக் கட்டப் போவதாகச் சொன்னார். காற்று மாறுகிறது, இப்போது விட்டால் அறுந்துபோகும்.

"போகாதீங்க."

"ஏன்?"

"பண்டிகை முடியட்டும்."

"கடலுக்கு என்ன பண்டிகை."

"ரெண்டு நாள்தான. என்னமோ மனசு சரியில்ல."

அப்பா அவளை உற்றுப் பார்த்தார். "ஒடம்புக்கு முடியலயா?"

அம்மா இல்லையென்று தலையாட்டினாள். காரணத்தைச் சொல்ல முடியவில்லை. சொன்னால் அப்பா ஒருவேளை சிரித்திருப்பார். சிரிக்காமல் போயிருந்தால் என்ன செய்வது?

அப்பா போய்விட்டுப் பத்திரமாகத் திரும்பினார். அதனால் எதுவும் ஆறவில்லை. பண்டிகையன்று காலையிலும் வேலை மிச்சம் இருக்கிறதென்று அவர் மறுபடி போனார். ஒன்பது மணிக்குள் வந்துவிடுவதாகச் சொன்னார். ஒன்பதரைக்கு மழை இறங்கியது.

அதற்குள் அத்தை வந்துவிட்டாள். தாத்தாவின் தம்பி சித்தப்பா தாத்தாவும் அவர் வீட்டாருமாக ஆறு பேர் வந்து நாற்காலிகளில் உட்கார்ந்து முலாம்பழ விதை கொறித்துக்கொண்டிருந்தார்கள். அத்தை பையிலிருந்து பதினொரு சாங்குகளை எடுத்துத் தாத்தாவின் படத்துக்கு வலப்பக்கம் வைத்தாள். பெரியவை, ஒரே அளவு, ஒன்றுபோல இறுக்கம். "விடிய விடியக் கட்டினேன்" என்றாள்.

"லுவானுக்குக் கை ஓடுது" என்றார் யாரோ.

சிறிது நேரத்தில் சுயென் சித்தி மழைச் சட்டையோடு வந்து, இடப்பக்கம் பதிமூன்றை வைத்தாள். கும்பிட்டாள். சொல்லிக் கொடுத்தபடி, "லாய் அக்காவோட தாய்வீட்டுலருந்து" என்றாள். அவளுக்குக் கடை திறக்க வேண்டியிருந்தது, உடனே கிளம்பிவிட்டாள். அவள் வைத்ததை எல்லோரும் பார்த்தார்கள். இரண்டு ஏற்கெனவே வாய் பிளந்து சோறு எட்டிப் பார்த்தது. ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை. காலியாக இல்லை என்பது வரைக்கும் சரி.

அம்மா அதைப் பார்க்கவே இல்லை. தொலைபேசியைக் காதில் வைத்துக்கொண்டு வாசலுக்கும் முனைக்கும் போய் வந்தாள். அப்பா எடுக்கவில்லை. தலைமுடியிலிருந்து நீர் சொட்டியது.

"என்ன இவ, ஒரு எடத்துல நிக்க மாட்டேங்கறா," என்றாள் அத்தை. "கடலுக்குப் போனவன் மழையில நனையத்தான் செய்வான். யுன், உங்கம்மாவ உள்ள கூப்புடு."

நான் போய்க் கூப்பிட்டேன். அம்மா வியட்நாமியில், "நான்தான் கட்டினேன், நீ பாத்தல்ல?" என்றாள்.

"ஒண்ணுதானம்மா."

"சாவும் ஒண்ணு ஒண்ணாதான வருது."

அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். அது சும்மா இருக்கவில்லை, என் விரல்களை மடித்துக்கொண்டே இருந்தது.

பத்தேகாலுக்கு அப்பா வந்தார். முழங்கால் வரை சேறு. தொலைபேசி படகில் விழுந்து நனைந்துவிட்டதாம். அம்மா அவரைத் தொட்டுப் பார்த்தாள். அவர் அதைக் கவனிக்காமல், "சர்க்கரை வாங்கிட்டேன்" என்று ஒரு பொட்டலத்தை நீட்டினார். சாங் கொண்டுவந்தவர்களுக்குத் துக்க வீடு பதிலுக்குத் தரும் சர்க்கரை. ஒரு பொட்டலம்தான் வாங்கியிருந்தார். தன் அக்காவை மட்டும் நினைத்து வாங்கியிருக்கிறார்.

ஊதுபத்தி ஏற்றினோம். தாத்தா சாப்பிட்டு முடித்தாரா என்று கேட்க இரண்டு பத்துக்காசுகளை அத்தை உள்ளங்கையில் எடுத்துக்கொண்டாள். ஒன்று தலையும் ஒன்று பூவுமாக விழுந்தால், ஆயிற்று என்று அர்த்தம். இரண்டும் தலையானால் இறந்தவர் சிரிக்கிறார். இரண்டும் பூவானால் இல்லை.

"அப்பா, சாப்புட்டாச்சா?"

இரண்டும் தலை.

"சிரிக்கறாரு" என்றார் சித்தப்பா தாத்தா. கொஞ்சம் பொறுத்து அத்தை மறுபடி போட்டாள். மறுபடியும் இரண்டும் தலை.

"என்ன சிரிப்பு?" என்றாள் அத்தை படத்தைப் பார்த்து. அவள் காது சிவந்திருந்தது. மூன்றாவது முறை போட்டாள். அதே சிரிப்பு. நாற்காலிகளில் விதை கொறிக்கும் சத்தம் நின்றது.

"சரி, சரிப்பா," என்று அத்தை தணிந்த குரலில் சொன்னாள். ஆனால் எல்லோருக்கும் கேட்டது. "நான் கட்டல. பூட்ஸு சந்தையில வாங்கினேன். எனக்குக் கட்ட வராதுன்னு உங்களுக்குத் தெரியாதா? எந்த வருஷம் கட்டினேன் நான்? போதுமா?"

யாரோ இருமினார்கள். அத்தை காசைப் போட்டாள். இரண்டும் பூ.

இல்லை.

அத்தை காசைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். இதற்குமேல் சொல்ல அவளிடம் ஒன்றும் இருக்கவில்லை என்று முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. அப்போது அம்மா முன்னால் வந்தாள். அத்தையின் கையிலிருந்து காசுகளை எடுத்துக்கொண்டு, மேசைக்கு முன் மண்டியிட்டு, வியட்நாமியில் பேசினாள். தாத்தாவிடம் அவள் ஒருநாளும் அந்த மொழியில் பேசியதில்லை.

"அப்பா, பதிமூணுல ஒண்ணு நான் கட்டினது. கை கேக்கல. தப்புன்னு தெரிஞ்சுதான் செஞ்சேன். கட்டணும்னா என்னையே கட்டுங்க, அவர விட்டுடுங்க. எனக்கு யாரும் இல்லேன்னு அவங்க பேசக் கூடாதுன்னுதான். அவ்வளவுதான் அப்பா."

காசுகள் தரையில் உருண்டன. ஒன்று தலை, ஒன்று பூ. இத்தனை முறை போட்டால் ஒரு முறையாவது அப்படி விழத்தான் செய்யும்.

எல்லோரும் மூச்சை விட்டார்கள். அத்தை என் பக்கம் திரும்பினாள்.

"உங்கம்மா என்ன சொன்னா?"

அறையில் அந்த மொழி தெரிந்தவள் நான் ஒருத்திதான். ஆறு பேர் நாற்காலிகளில் இருந்தார்கள். அப்பா சேற்றுக் காலோடு நின்றார். அம்மா மண்டியிட்டபடியே, திரும்பாமல் இருந்தாள். அவள் கழுத்துப் பின்புறம் நனைந்த முடி ஒட்டியிருந்தது. நான் பள்ளியில் இரண்டு மொழிகளிலும் நல்ல மதிப்பெண் வாங்குகிறவள். ஒரு சொல்லும் விடாமல் சொல்லியிருக்க முடியும்.

"தாய்வீட்டுலருந்து வந்திருக்கு, ஏத்துக்கங்கன்னு சொன்னாங்க" என்றேன்.

"அதுக்கா இவ்வளவு நேரம்?"

"எங்க பாஷைல கொஞ்சம் நீளம் அத்தை."

அத்தை என்னை விட்டு மேசையைப் பார்த்தாள். இடப்பக்கக் கொத்தைத் தூக்கிப் பிடித்து, தொங்கியவற்றை ஒவ்வொன்றாக நகர்த்தினாள். கோணல், பிளந்தது, கோணல், குண்டு. அப்புறம் ஒன்றில் கை நின்றது. நாலு மூலையும் கூர்மையாக இருந்தது அது மட்டும்தான். நூலின் நுனியைப் பிடித்து ஒரு முறை இழுத்தாள். நூல் முழுவதும் அவிழ்ந்து அவள் விரலில் தொங்கியது.

அம்மா இப்போது திரும்பிப் பார்த்தாள்.

"இது உன் தாய்வீட்டு முடிச்சுதான்," என்றாள் அத்தை, நாற்காலிக்காரர்களுக்கும் கேட்கும்படி. "எனக்குத் தெரியாதா? பதினோரு வருஷமா இதத்தான அவுத்து என் மாமியாருக்குப் போட்டுக்கிட்டு இருந்தேன்."

நின்றபடியே இலையைப் பிரித்து ஒரு கடி கடித்தாள். மென்றாள்.

"உப்பு கம்மி."

"எங்க தாய்வீட்டுப் பக்கம் எப்பவும் கம்மிதான் அக்கா" என்றாள் அம்மா.

கிளம்பும்போது அப்பா சர்க்கரைப் பொட்டலத்தை அக்காவிடம் நீட்டினார். அத்தை வாங்கி, எடை பார்ப்பதுபோல ஒரு முறை கையில் ஏந்திவிட்டு, அதை அம்மாவின் கையில் திணித்தாள்.

"உன் தாய்வீட்டுக்குக் குடுத்தனுப்பு. கடையில வாங்கினதுக்கு எனக்கு எதுக்குச் சர்க்கரை? மழை விட்டதும் போய்க் குடு. அப்புறம் மொறை தெரியாத வீடும்பாங்க."

அம்மா பொட்டலத்தை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு ஸ்கூட்டர் சாவியைத் தேடினாள். அது அவள் கையிலேயே இருந்தது.